இதற்குக் கிழக்கு

அஞ்செட்டிப் பத்திர ஆபீஸ் வாசலில்
நாங்கள் ஆறு எழுத்தர்கள்.
ஆறு பேரிடமும் முள்ளம்பன்றி முள்,
சர்க்கார் முத்திரையோடு கொடுத்தது.
வேறு எதால் எழுதினாலும் மண் ஒப்புக்கொள்ளாது.
மறுநாள் விடியும்போது
வரப்பு எழுந்து நடந்து
பழைய இடத்திலேயே போய் உட்கார்ந்திருக்கும்.

முள்ளுக்கு முள் ஒரு கிறுக்கு.
ரஹமத்துல்லாவின் முள்
தொகையை எழுத்தால் எழுதும், எண்ணால் எழுதாது.
திம்மராயப்பாவுடையது செவ்வாய்க்கிழமை அசையாது.
அன்றைக்கு எங்களுக்கெல்லாம் டீ வாங்கி வருவது அவர்தான்,
சர்க்கரை தூக்கலாக.
என்னுடையது
மூன்று எல்லையை நான் சொன்னபடி எழுதும்.
நான்காவதை
அதுவே எழுதும்.

தொட்டப்பன் கேழ்வரகுக் கொல்லையை விற்க வந்தான்.
மல்லப்பன் நிலத்துக்கு மேற்கு,
வண்டிப்பாதைக்கு வடக்கு,
பசவராஜ் கிணற்றுக்குத் தெற்கு,
சொல்லச் சொல்ல எழுதினேன்.
பிறகு விரலுக்குள் அந்தக் கூச்சம்.
குட்டிகளோடு யானைகள்
தண்ணீருக்கு இறங்கும் வழிக்குக் கிழக்கு.

வாங்க வந்த ஓசூர்க்காரர் சிரித்தார்.
யானைக்குப் பட்டா இருக்கிறதா அம்மா?
பதிவானது. வேலி போட்டார்.
நட்ட கம்பம் ஒவ்வொன்றும் இரவோடு இரவாகத்
தன்னைத் தானே பிடுங்கிக்கொண்டு
கிழக்கே பத்தடி தள்ளி நின்றது,
மணி அடித்தபின் பள்ளிக்கு வந்த
பிள்ளைகளைப் போலத் தலை குனிந்து.

சில நாள் முள்ளுக்கும் சோம்பல்.
மேற்கே ஒன்றுமில்லை என்று எழுதிவிடும்.
அந்த மாதிரி நிலத்துக்கு
நல்ல விலை.

நாட்றாம்பாளையத்து அண்ணன் தம்பி
பாகப்பிரிவினைக்கு வந்தது
ஆவணி கடைசியில்.
கூடவே தாய், கைநாட்டு வைக்க.
இரண்டு பேரும் ஒரு சைக்கிளுக்காகச்
சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள்.
நான் காதில் வாங்காமல் எழுதிக்கொண்டு போனேன்.
நான்காவது எல்லையில் முள் நின்றது.
கடுக்காய் மை நுனியில் திரண்டு
சொட்டாமல் தொங்கியது.
அப்புறம் மெதுவாக, ஒன்றாம் வகுப்புப் பிள்ளையின் கையெழுத்தில்,
பெயர் வைக்காத பெண்பிள்ளைக்குக் கிழக்கு.

படித்துக் காட்ட வேண்டியது என் வேலை.
படித்துக் காட்டினேன்.
சைக்கிள் பேச்சு அறுந்தது.
அந்த அம்மாள் மைப்பெட்டியில் வைத்த கட்டைவிரலை
எடுக்கவேயில்லை.
அடித்துத் திருத்தட்டுமா என்று கேட்டேன்.
வேண்டாம், இருக்கட்டும், என்றாள்.
முப்பத்தொரு வருசமாக
அங்கேதானே இருக்கிறாள்.

சார்பதிவாளர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்,
மாட்டினார், மறுபடியும் கழற்றினார்.
பாகம் இரண்டு என்றிருந்ததை
மூன்று என்று பதிந்தார்.
மூன்றாவதில் யாரும் ஏர் ஓட்டுவதில்லை.
கொள்ளு மட்டும் தானாக முளைக்கிறது.
அறுக்கப் போனவர்கள்
அரிவாளைக் கீழே வைத்துவிட்டு வந்ததாகக் கேள்வி.

இவ்வளவும் தெரிந்தவள் நான்.
போன தை மாதம்
என் பெயருக்கு இரண்டு சென்ட் மனையும்
ஓட்டு வீடும் வந்தபோது
ரஹமத்துல்லாவிடம் முள்ளை இரவல் கேட்டேன்.
உன்னுடையது என்ன ஆச்சு கெம்பம்மா?
நுனி மழுங்கிவிட்டது, என்றேன்.
அவர் என் முகத்தைப் பார்க்காமல் கொடுத்தார்.
அது நான் சொன்ன நான்கையும் எழுதியது,
காலி மனைக்குக் கிழக்கு என்பதையும் சேர்த்து.
தொகையை மட்டும் எழுத்தால்.

என் முள் என்ன எழுதியிருக்கும்
என்று எனக்குத் தெரியும்.
எனக்குத் தெரியும் என்பது
முள்ளுக்கும் தெரியும்.
டப்பாவுக்குள் சத்தமில்லாமல் கிடக்கிறது,
காலையில் எடுத்தால் ஊரார் நிலத்தை ஒழுங்காக எழுதுகிறது.

வீட்டில் ஒரு குறையும் இல்லை.
மேற்குச் சுவர் மட்டும்
சுண்ணாம்பு பிடிக்க மாட்டேன் என்கிறது.
மூன்று பூச்சு ஆயிற்று.